கப்பல் நிற்கும் பத்து மணி நேரம்: எந்தச் சுற்றுலாவை வாங்குவது?

கேள்வி: என் அக்காவும் அவர் கணவரும் ராயபுரத்தில் வளர்ந்தவர்கள். இப்போது சிங்கப்பூர்க் குடிமக்கள். இருவருக்கும் அறுபது வயது தாண்டிவிட்டது. வரும் ஜனவரியில் சொகுசுக் கப்பலில் வருகிறார்கள். காலை 8 மணிக்குச் சென்னைத் துறைமுகத்துக்கு வரும் கப்பல் மாலை 6 மணிக்குக் கிளம்பிவிடும். கப்பலிலேயே விற்கும் மாமல்லபுரச் சுற்றுலாவுக்குத் தலைக்கு 110 டாலர். இங்கே ஒரு நிறுவனம் காரும் வழிகாட்டியும் சேர்த்து ‘வடசென்னைப் பாரம்பரியச் சுற்றுலா’ என்று 9,000 ரூபாய் கேட்கிறது. முழுப் பணத்தையும் முன்பே கைபேசி வழியாக அனுப்பச் சொல்கிறார்கள். எதை வாங்கலாம்? நாங்கள் துறைமுகத்துக்குள் போய் அவர்களை அழைத்து வர முடியுமா?
– ஒரு வாசகி, தண்டையார்பேட்டை

பதில்: முதலில் அந்தப் பத்து மணி நேரத்தை எண்ணிப் பார்ப்போம், சகோதரி. 8 மணிக்குக் கப்பல் கரையைத் தொட்டால் 8 மணிக்கே பயணிகள் இறங்கிவிட முடியாது. குடியேற்ற அதிகாரிகளின் சோதனை, வரிசை, துறைமுக வாயில் வரை கொண்டுவந்து விடும் பஸ் எல்லாம் முடிந்து உங்கள் அக்கா வெளியே வர ஒன்பது, ஒன்பதே கால் ஆகலாம். 6 மணிக்குக் கிளம்பும் கப்பலில் எல்லோரும் 5 மணிக்கோ 5.30-க்கோ ஏறியிருக்க வேண்டும் என்று தனியாக ஒரு நேரம் குறித்திருப்பார்கள். அதையும் கழித்தால் கையில் மிஞ்சுவது ஏறக்குறைய எட்டு மணி நேரம். துறைமுகத்திலிருந்து மாமல்லபுரம் 60 கிலோமீட்டர். போக இரண்டு, வர இரண்டு என்று நான்கு மணி நேரம் பஸ்ஸிலேயே போய்விடும். மாமல்லபுரத்தைக் குறை சொல்லவில்லை. 1984 முதல் உலகப் பாரம்பரியச் சின்னமாக இருக்கும் ஊர் அது. ஆனால் ராயபுரத்தில் வளர்ந்து, பல ஆண்டுகள் கழித்து ராயபுரத்துக்குப் பக்கத்திலேயே கப்பலில் வந்து இறங்குகிறவர்களை, இருக்கும் நேரத்தில் பாதிக்குப் பஸ்ஸில் உட்கார வைப்பதற்கு என் மனம் ஒப்பவில்லை.

கப்பல் சுற்றுலாவுக்கு ஒரு பெரிய பலம் உண்டு, அதையும் சொல்லிவிட வேண்டும். கப்பலே விற்ற சுற்றுலாவின் பஸ் நெரிசலில் சிக்கித் தாமதமானால் வழக்கமாகக் கப்பல் காத்திருக்கும். இல்லையென்றால் அடுத்த துறைமுகத்துக்கு அவர்களே கொண்டுபோய்ச் சேர்ப்பார்கள். நீங்களாக ஏற்பாடு செய்த காருக்காகக் கப்பல் நிற்காது. அடுத்த துறைமுகத்துக்குச் சொந்தச் செலவில் விமானம் ஏற வேண்டியதுதான். 110 டாலரில் ஒரு பகுதி இந்த உறுதிக்கான விலை. தொலைவான ஊருக்குப் போவதானால் அதைக் கொடுக்கலாம். வாயிலிலிருந்து பத்துக் கிலோமீட்டருக்குள் சுற்றுவதற்கு அது தேவையில்லை. தவிர, நாற்பது பேர் பஸ் ஜார்ஜ் டவுன் தெருக்களுக்குள் நுழையாது. ராஜாஜி சாலையோரம் நிறுத்தி, சன்னல் வழியாகத்தான் காட்டுவார்கள்.

ஆகவே உள்ளூர் ஏற்பாடே என் தேர்வு. ஆனால் அந்த 9,000 ரூபாயை இப்போதைய வடிவில் கொடுக்காதீர்கள்.

தொகை என்னென்ன செலவுக்கு என்று எழுத்தில் கேளுங்கள்: கார் எத்தனை மணி நேரம், எத்தனை கிலோமீட்டர், வழிகாட்டியின் ஊதியம் எவ்வளவு, வண்டி நிறுத்தும் கட்டணமும் நுழைவுச் சீட்டும் அதில் அடக்கமா. நேர்மையாகத் தொழில் செய்கிறவர்கள் பத்து நிமிடத்தில் எழுதி அனுப்பிவிடுவார்கள். முன்பணம் கால் பங்கு போதும். மீதி, மாலையில் துறைமுக வாயிலில் இறக்கிவிட்ட பிறகு. பணம் அனுப்பும்போது கைபேசித் திரையில் வரும் பெயரைப் பாருங்கள். நிறுவனத்தின் பெயருக்குப் பதிலாக யாரோ ஒரு தனிமனிதரின் பெயர் வந்தால் அங்கேயே நிறுத்திவிட்டு, நிறுவனக் கணக்கின் விவரத்தைக் கேளுங்கள். பின்னால் தகராறு வந்தால் யாரிடம் வாங்கினோம் என்று காட்ட உங்களிடம் இருக்கப்போவது அந்த ஒரு வரிதான். ‘வானிலை அல்லது வேறு காரணத்தால் கப்பல் சென்னைக்கு வராவிட்டால் முன்பணம் முழுதும் திருப்பித் தரப்படும்’ என்ற வாக்கியமும் அந்தத் தாளில் இருக்க வேண்டும். அதை எழுத மறுக்கிறவரிடம் வாங்காதீர்கள்.

வழிகாட்டியிடம் மத்திய சுற்றுலா அமைச்சகமோ தமிழகச் சுற்றுலாத் துறையோ தந்த, படம் ஒட்டிய அடையாள அட்டை இருக்கிறதா என்றும் கேளுங்கள். அட்டை இருந்தாலும் ஒரு சின்னச் சோதனை வைப்பது என் வழக்கம். ‘ராயபுரம் ரயில் நிலையத்தின் சிறப்பு என்ன?’ என்று தொலைபேசியிலேயே கேட்பேன். ‘இந்தியாவின் முதல் ரயில் நிலையம்’ என்று பதில் வந்தால் வேறு ஆள் பார்ப்பேன். இந்தியாவின் முதல் பயணிகள் ரயில் 1853-இல் பம்பாயிலிருந்து தாணேவுக்கு ஓடியது. ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடுக்கு ரயில் விட்டது 1856-இல்; தென்னிந்தியாவில் அதுதான் முதல் பயணிகள் ரயில் பாதை. பம்பாயின் பழைய நிலையக் கட்டடம் இன்று இல்லை, ராயபுரம் நிற்கிறது. நாட்டில் எஞ்சியிருப்பவற்றில் மிகப் பழைய நிலையக் கட்டடம் என்பதுதான் அதன் பெருமை. இதைச் சரியாகச் சொல்கிறவர் மற்றதையும் சரியாகவே சொல்வார்.

போகும் வரிசையில்தான் நான் ஒருமுறை ஏமாந்தேன். சில ஆண்டுகளுக்கு முன் இதேபோல ஒருநாள் நிற்கும் கப்பலில் வந்த என் சித்திக்காக ஒரு நிறுவனத்திடம் சுற்றுலா வாங்கினேன். திருவொற்றியூர் கோயிலைப் பார்க்க வேண்டும் என்பதுதான் சித்தியின் ஒரே ஆசை. அந்த வழிகாட்டி கோட்டை, உயர் நீதிமன்றம் என்று அருகில் இருப்பதை எல்லாம் முதலில் காட்டிவிட்டுப் பதினொன்றுக்குத்தான் வடக்கே திரும்பினார். கண்டெய்னர் லாரி வரிசையில் கார் முக்கால் மணி நேரம் நகரவில்லை. போய்ச் சேர்ந்தபோது 12.20, நடை சாத்திவிட்டார்கள். மறுபடி திறப்பது 4 மணிக்கு. சித்தி மூடிய கதவின் முன்னால் சூடத்தை ஏற்றி வைத்து, அது அணையும் வரை நின்றுவிட்டுத் திரும்பி வந்து காரில் உட்கார்ந்தார். ஒரு வார்த்தை பேசவில்லை. கொடுத்த பணத்தைவிட அந்த மௌனம்தான் எனக்கு இன்னும் உறுத்துகிறது. கோயில் நேரம் தெரியாதவர் வழிகாட்டி ஆகமாட்டார் என்று அந்த நிறுவனத்துக்கு எழுதினேன். பதில் இல்லை. எந்த இடத்துக்கு எத்தனை மணிக்கு என்று எழுத்தில் வாங்காதது என் தவறு.

எனவே தொலைவில் இருப்பது முதலில், துறைமுகத்துக்குப் பக்கத்தில் இருப்பது கடைசியில். ஒன்பதரைக்குக் கிளம்பி நேரே திருவொற்றியூர். தியாகராஜரும் வடிவுடையம்மனும் இருக்கும் கோயில், சுந்தரர் சங்கிலியாரை மணந்த தலம். மூலவரின் கவசத்தைக் கார்த்திகைப் பௌர்ணமியை ஒட்டி மூன்று நாள் மட்டுமே களைவார்கள் என்பதை உங்கள் அக்கா சிறுமியாக இருந்தபோதே கேட்டிருப்பார். திரும்பும் வழியில் ராயபுரம் ரயில் நிலையத்துக்குள் போக ஒரு பிளாட்பாரம் டிக்கெட் போதும். அருகிலேயே படகுக்காரச் சமூகத்தார் 19-ஆம் நூற்றாண்டில் எழுப்பிய புனித பேதுரு ஆலயம். பார்சிகளின் தீக்கோயிலும் ராயபுரத்தில்தான் இருக்கிறது, ஆனால் பார்சிகள் அல்லாதவர்களுக்கு உள்ளே அனுமதி கிடையாது. ‘உள்ளே காட்டுகிறோம்’ என்று யாராவது பட்டியலில் போட்டிருந்தால் அந்தப் பட்டியலையே நம்பாதீர்கள். பிறகு அவர்கள் வாழ்ந்த தெருவுக்கு ஒரு மணி நேரத்தை வழிகாட்டி இல்லாமல் ஒதுக்குங்கள். அதை எந்த நிறுவனமும் விற்க முடியாது.

உணவுக்குப் பிறகு ஜார்ஜ் டவுன். அர்மேனியன் தெருவை நம் மக்கள் வாய்வழக்கில் அரண்மனைக்காரத் தெரு ஆக்கிவிட்டார்கள். அங்கே 1772-இல் கட்டிய அர்மீனிய ஆலயம் இருக்கிறது. முற்றத்தில் கால் வைத்தால் கீழே எல்லாம் கல்லறைக் கற்கள். மணிக்கூண்டில் ஆறு மணிகள். உலகின் முதல் அர்மீனிய மொழி இதழை 1794-இல் இதே சென்னையில் அச்சிட்ட பாதிரியாரும் அங்கேதான் உறங்குகிறார். பிற்பகலில் சீக்கிரம் பூட்டிவிடும் இடம் என்பதால் மதிய உணவை நீட்டிக்க வேண்டாம். தம்புச் செட்டித் தெருவில் உள்ள காளிகாம்பாள் கோயிலும் நண்பகலில் சாத்திவிடும். திருவொற்றியூர், காளிகாம்பாள் இரண்டில் ஒன்றுதான் கிடைக்கும் என்று முன்பே சொல்லிவிடுங்கள். நேரம் இருந்தால் கடைசியாகக் கோட்டை. 1680-இல் திறக்கப்பட்ட புனித மேரி ஆலயம் அதற்குள்ளேதான். தலைமைச் செயலகம் இருப்பதால் சோதனை உண்டு, அடையாளச் சான்று தேவை. கோட்டை அருங்காட்சியகத்துக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை, கப்பல் வரும் கிழமையைப் பார்த்துக்கொள்ளுங்கள். மாலை 4.15-க்குக் கார் வாயிலில் நிற்க வேண்டும் என்று தாளில் எழுதி வாங்குங்கள்.

துறைமுகத்துக்குள் அனுமதிச் சீட்டு இல்லாத தனியார் வண்டி போக முடியாது. எந்த வாயிலில் பயணிகளை வெளியே விடுகிறார்கள் என்று அக்கா கப்பலிலேயே கேட்டு, வாயில் எண்ணை உங்களுக்கு அனுப்பட்டும். நீங்கள் வெளியே காத்திருங்கள்.

இன்னும் ஒன்று. சிங்கப்பூர்க் கடவுச்சீட்டுக்காரர்கள் ஒரு மணி நேரம் கரையில் இறங்கினாலும் இந்திய விசா வேண்டும். மின்னணு விசாவை ஏற்கும் துறைமுகங்களில் சென்னையும் ஒன்று. பயணத்துக்குக் குறைந்தது நான்கு நாள் முன்னால் விண்ணப்பிக்க வேண்டும், அதுவும் அரசின் தளத்தில் மட்டும். அரசுத் தளம் போலவே தோற்றம் காட்டி இரண்டு மடங்கு பணம் வாங்கும் தளங்கள் நிறைய. வெளிநாடுவாழ் இந்தியக் குடிமகன் (ஓ.சி.ஐ.) அட்டை வைத்திருந்தால் விசாவே தேவையில்லை. அந்த அட்டைக்கு இன்னொரு பயனும் உண்டு. மாமல்லபுரத்தில் வெளிநாட்டவருக்கு 600 ரூபாயும் இந்தியருக்கு 40 ரூபாயும் நுழைவுக் கட்டணம். அட்டைதாரர்களுக்கு இந்தியருக்கான கட்டணம்தான். 2021-இல் மத்திய அரசு வெளியிட்ட அறிவிக்கையிலேயே இது இருக்கிறது. சீட்டுக் கொடுக்கும் இடத்தில் மறுத்தால் அட்டையைக் காட்டிக் கேட்டு வாங்குங்கள்.

கேள்வி: சென்னையிலிருந்து கப்பலில் போனபோது, திருகோணமலையில் கோணேசர் கோயிலையும் கோட்டையையும் பார்க்க இங்குள்ள ஒரு முகவரிடம் முன்பே 14,000 ரூபாய் கட்டினோம். கடல் கொந்தளிப்பால் கப்பல் அங்கே போகவே இல்லை. முகவர் பணத்தைத் தர மறுக்கிறார். கப்பல் நிறுவனத்திடம் கேட்கலாமா?
– ஒரு வாசகர், திருவொற்றியூர்

பதில்: கப்பல் நிறுவனத்திடம் கேட்டுப் பயன் இல்லை. பாதுகாப்புக்காகத் துறைமுகத்தை மாற்றவும் தவிர்க்கவும் உரிமை உண்டு என்று பயணச் சீட்டின் நிபந்தனையிலேயே எழுதியிருப்பார்கள். சுற்றுலாவைக் கப்பலில் வாங்கியிருந்தால் அந்தத் தொகை உங்கள் கணக்குக்குத் திரும்பியிருக்கும். நீங்கள் வெளியே வாங்கியதால் பதில் சொல்ல வேண்டியவர் முகவர்தான்.

அவர் கொடுத்த ரசீதையும் நிபந்தனையையும் எடுத்துப் பாருங்கள். கப்பல் வராவிட்டால் பணம் கிடையாது என்று அதில் இல்லையென்றால் உங்கள் பக்கம் வலுவானது. அப்படி ஒரு வரி இருந்தாலும், அவர் அங்கே ஒரு ரூபாயும் செலவு செய்யாமல் முழுத் தொகையையும் வைத்துக்கொள்வது நியாயமா என்று நுகர்வோர் ஆணையத்தைக் கேட்க உங்களுக்கு வழி உண்டு. வங்கி அட்டை மூலம் கட்டியிருந்தால், அந்தத் தொகையைத் திருப்பித் தர வேண்டும் என்று முதலில் வங்கியில் எழுத்து மூலம் மறுப்புப் பதிவு செய்யுங்கள். இதற்குக் கெடு குறைவு, நாளைக்கே செய்யுங்கள். அடுத்து 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண், தமிழிலேயே பேசலாம். பல முகவர்கள் அந்தக் கட்டத்திலேயே இறங்கி வருவதைப் பார்த்திருக்கிறேன். அதற்கும் மசியாவிட்டால் சென்னை வடக்கு மாவட்ட நுகர்வோர் ஆணையம். 2019-ஆம் ஆண்டுச் சட்டப்படி நீங்கள் வசிக்கும் இடத்திலேயே வழக்குப் போடலாம். நீங்கள் கட்டிய தொகை 5 லட்சத்துக்குள் என்பதால் கட்டணம் இல்லை, வழக்கறிஞரும் கட்டாயம் இல்லை. இரண்டு ஆண்டுக்குள் போட வேண்டும். கப்பல் திருகோணமலைக்குப் போகவில்லை என்று பயணிகளுக்குக் கொடுத்த அறிவிப்புத் தாளைத் தூக்கிப் போட்டிருந்தால், மாற்றப்பட்ட பயணத் திட்டத்தை மின்னஞ்சலில் கேட்டு வாங்குங்கள். வழக்குக்கு அதுதான் உயிர்.

கேள்வி: வெளிநாட்டிலிருந்து வந்த உறவினர்களை ஒருநாள் சுற்றுலாவுக்கு அனுப்பினேன். வழிகாட்டி அவர்களை இரண்டு கடைகளில் ஒன்றரை மணி நேரம் உட்கார வைத்திருக்கிறார். ஒரு பட்டுப் புடவையும் ஒரு தங்கத் தோடும் வாங்கி வந்துவிட்டார்கள். ஏமாந்துவிட்டார்களா?
– ஒரு வாசகி, பழைய வண்ணாரப்பேட்டை

பதில்: கடைக்கு அழைத்துப் போவதில் வழிகாட்டிக்குக் கமிஷன் இருக்கும், அதுவும் நீங்கள் கொடுத்த விலையில்தான் சேர்ந்திருக்கும். அடுத்த முறை ‘கடை நிறுத்தம் வேண்டாம்’ என்று முன்பே எழுதிவிடுங்கள். இப்போதைக்குப் பொருளைச் சோதிக்கலாம். புடவையில், அசல் பட்டு என்று காட்டும், எண்ணோடு கூடிய சில்க் மார்க் சீட்டு இருக்கிறதா பாருங்கள். தோடு இரண்டு கிராமுக்குக் குறையாததானால், எழுத்தும் எண்ணும் கலந்து மொத்தம் ஆறு குறிகள் கொண்ட ஹால்மார்க் அடையாளம் அதில் பொறித்திருக்க வேண்டும். 2023 ஏப்ரல் முதல் அது இல்லாமல் ஹால்மார்க் நகை விற்கக் கூடாது. பூதக்கண்ணாடி வைத்து அந்த ஆறையும் படித்து, இந்தியத் தர நிர்ணய அமைவனத்தின் பி.ஐ.எஸ். கேர் செயலியில் போட்டால் என்ன நகை, எத்தனை காரட் என்று வந்துவிடும். வராவிட்டால் ரசீதோடு கடைக்குப் போங்கள். உறவினர்கள் ஊருக்குக் கிளம்பும் முன்பே போங்கள். வாங்கியவர் நேரில் நின்று கேட்டால் கடைக்காரரால் தட்டிக் கழிக்க முடியாது.