எஸ்எஸ்டி ஸ்லோ ஆயிடுச்சா? முதல்ல எவ்ளோ இடம் காலியா இருக்குன்னு பாருங்க

கேள்வி: லேப்டாப்ல 500 ஜிபி எஸ்எஸ்டி (ஹார்ட் டிஸ்க்குக்குப் பதிலா வர்ற, சுழலற தட்டு இல்லாத சிப் டிரைவ்) போட்டு ரெண்டு வருஷம் ஆச்சு. ஆரம்பத்துல பறந்துச்சு, இப்ப பெரிய ஃபைல் காப்பி பண்ணா பாதியில படுத்துடுது. 18 ஜிபி தான் காலி. டீஃப்ராக் பண்ணு (சிதறிக் கிடக்கற ஃபைல் துண்டுகள ஒண்ணா அடுக்கறது), பேஜ் ஃபைல (ரேம் பத்தாதப்போ விண்டோஸ் டிரைவ்ல வச்சுக்கற ஃபைல்) ஆஃப் பண்ணு, இல்லன்னா டிரைவ் சீக்கிரம் தேஞ்சுடும்னு ஃப்ரெண்ட் சொல்றான். செய்யலாமா?

ரெண்டையுமே செய்யாதீங்க. உங்க பிரச்சனை அந்த 18 ஜிபி தான்.

எஸ்எஸ்டில எழுதுறது சின்னச் சின்ன பேஜ்ல, ஒவ்வொண்ணும் சில கேபி தான், ஆனா அழிக்கணும்னா பல எம்பி இருக்கற ஒரு முழு பிளாக்கையும் சேர்த்துத்தான் அழிக்க முடியும், ஒரு வரிய மட்டும் ரப்பர் போட முடியாத நோட்டு மாதிரி. அதனால பிளாக்ல பாதி நல்ல டேட்டா இருந்தா கன்ட்ரோலர் (டிரைவ் உள்ள இருந்து எல்லாத்தையும் நடத்தற சிப்) அத வேற இடத்துல எழுதி வச்சுட்டுத்தான் இத அழிக்கும். டிரைவ் நெரம்பி வழிஞ்சா இந்த இடமாத்துற வேலையே ஓயாம நடக்கும், நீங்க எழுதுனது ஒரு ஜிபின்னா உள்ள எழுதுறது அதவிட ரொம்ப அதிகமா இருக்கும். வேகமும் போச்சு, ஆயுசும் போச்சு.

காப்பி பாதியில படுக்கறதுக்கும் இடம் பத்தாததுதான் காரணம். இப்ப வர்ற டிரைவ்ல ஒரு செல்லுக்கு 3 பிட் (டிஎல்சி) இல்ல 4 பிட் (க்யூஎல்சி) வைப்பாங்க, அது மெதுவா எழுதும், அதனால காலி இடத்துல கொஞ்சத்த ஒரு பிட் மட்டும் வச்சு வேகமா எழுதிக்கும் (இதுக்குப் பேரு கேஷ்), அப்புறம் நிதானமா மாத்திக்கும். நிறைய டிரைவ்ல காலி இடம் குறைய குறைய இந்த கேஷும் சுருங்கிடும். டாஸ்க் மேனேஜர தொறந்து வச்சுட்டு காப்பி பண்ணிப் பாருங்க, கொஞ்ச நேரம் உச்சத்துல போய்ட்டு திடீர்னு கிராஃப் தொபுக்கடீர்னு விழும், அந்த நொடி கேஷ் தீந்துடுச்சுன்னு அர்த்தம்.

அதனால 15-20 சதவீதம், உங்களுக்கு ஒரு 80 ஜிபியாவது, காலியா விடுங்க. பழைய வீடியோ எல்லாம் வெளி ஹார்ட் டிஸ்க்குக்குப் போகட்டும். அழிச்சதும் விண்டோஸ்ல ஆப்டிமைஸ் டிரைவ்ஸ் போய் ஒரு தடவ ஓட்டுங்க, எஸ்எஸ்டின்னா அது டிரிம் அனுப்பும், அதாவது இந்த இடமெல்லாம் இனி தேவையில்லன்னு டிரைவுக்குச் சொல்லும். வாரா வாரம் தானா நடக்கற மாதிரி ஷெட்யூல் ஆன்ல இருக்கான்னும் பாத்துக்கோங்க. தனியா டீஃப்ராக் சாஃப்ட்வேர் வேண்டவே வேண்டாம், ஹார்ட் டிஸ்க் மாதிரி டேட்டாவ தேடி ஓடற முள்ளே எஸ்எஸ்டில கிடையாது, அடுக்கி வச்சு ஒண்ணும் லாபம் இல்ல, வீணா எழுத்து தான்.

பேஜ் ஃபைல் அப்படியே இருக்கட்டும், ரேம் பத்தாதப்போ அது இல்லன்னா ஓடிட்டிருக்கற புரோகிராம் மூடிக்கும். தேயறத பத்தி ரொம்ப பயப்படாதீங்க. நல்ல 500 ஜிபி டிஎல்சி டிரைவுக்கு 300 டெராபைட் வரைக்கும் எழுதலாம்னு வாரண்டில போடறாங்க (க்யூஎல்சில கம்மி), தினம் 30 ஜிபி எழுதினாலும் 27 வருஷம் வருது. கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோங்கற சாஃப்ட்வேர் போட்டு ஹெல்த் சதவீதமும் டெம்பரேச்சரும் பாருங்க, என்விஎம்இ (வேகமான வகை எஸ்எஸ்டி) ரொம்ப சூடானா தானே வேகத்த குறைச்சுக்கும்.

ஆனா பேக்கப் எடுத்துட்டு ஆரம்பிங்க, இத கெஞ்சியே கேக்கறேன். ஹார்ட் டிஸ்க் சாகறதுக்கு முன்னாடி சில சமயம் டக் டக்னு சத்தம் போடும், எஸ்எஸ்டி அப்படி இல்ல, என்னோட ஒண்ணு ராத்திரி நல்லா ஓடிட்டு காலைல பயாஸ்லயே (விண்டோஸ் வர்றதுக்கு முன்னாடி ஓடற செட்டப்) தெரியல, ஹெல்த் 96 சதவீதம்னு காட்டிட்டு இருந்த டிரைவ் அது.