தலைமையாசிரியர் முதல்வரான கதை

கேள்வி: பள்ளிக்கூட வாத்தியாராக இருந்து, அரசியல் அனுபவமே இல்லாமல் நேரே மாகாண முதல்வரானவர் உண்டா? (வாசகர், தேனி)

பதில்: உண்டு. கனடாவின் ஆல்பர்ட்டா மாகாணத்தில் வில்லியம் அபெர்ஹார்ட். நானும் பாடம் நடத்தி ஓய்வு பெற்றவன் என்பதால் இவர் மேல் எனக்குத் தனி ஈடுபாடு.

கால்கரி நகரில் கிரெசன்ட் ஹைட்ஸ் உயர்நிலைப் பள்ளியின் தலைமையாசிரியர். ஞாயிற்றுக்கிழமைகளில் வானொலியில் பைபிள் பிரசங்கம். 1930களில் கோதுமை விலை விழுந்து, மழையும் பொய்த்து, ஊரே கடனில் மூழ்கியது. படித்து முடித்த பிள்ளைகளுக்கு வேலை இல்லை. 1932 கோடையில் பரீட்சைத் தாள் திருத்த எட்மன்டன் போனவரிடம், சக ஆசிரியர் ஒருவர் 'சோஷியல் கிரெடிட்' பற்றிய புத்தகத்தைக் கொடுத்தார். கடையில் சரக்கு இருக்கிறது, வாங்க மக்களிடம் காசு இல்லை. அந்தக் காசை அரசே கொடுக்கட்டும் என்பது அதன் சாரம். அபெர்ஹார்ட் அதை அப்படியே பிடித்துக்கொண்டார். பெரியவர்கள் எல்லாருக்கும் மாதம் 25 டாலர் என்றார்.

அவர் அதை விளக்கிய விதம்தான் அருமை. வானொலி நாடகத்தில் செவ்வாய்க் கிரகத்திலிருந்து ஒருவர் வந்து இறங்குவார். 'இவ்வளவு விளைகிற ஊரில் ஏன் இத்தனை பேர் பட்டினி?' என்று விவரம் புரியாமல் கேட்பார். நல்ல வாத்தியார் செய்கிற வேலை அது. 1935 ஆகஸ்ட் 22 தேர்தலில் 63 இடங்களில் 56 அவருடைய சோஷியல் கிரெடிட் கட்சிக்கு. அவர் போட்டியிடவே இல்லை. முதல்வரான பிறகுதான் இடைத்தேர்தலில் ஜெயித்துச் சட்டமன்றத்துக்குள் போனார்.

கேள்வி: சரி, அந்த 25 டாலரைக் கொடுத்தாரா? (அதே வாசகர்)

பதில்: இல்லை. பணமும் வங்கியும் மத்திய அரசின் அதிகாரம். 1936இல் 'செழிப்புச் சான்றிதழ்' என்று ஒரு டாலர் தாள் அச்சடித்தார். வாராவாரம் அதன் பின்பக்கம் ஒரு சென்ட் ஸ்டாம்ப் ஒட்டினால்தான் செல்லும். வியாபாரிகள் வாங்கத் தயங்கினார்கள், சீக்கிரமே நின்றுபோனது. 1937இல் சொந்தக் கட்சி உறுப்பினர்களே கலகம் செய்தார்கள்.

அப்புறம் அவர் செய்தவை எனக்குக் கொஞ்சமும் ஏற்பில்லை. பத்திரிகைகளை மடக்கச் சட்டம் கொண்டுவந்தார். 1938இல் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. சட்டமன்ற உறுப்பினரைப் பதவியிலிருந்து திரும்ப அழைக்கும் உரிமையை மக்களுக்குக் கொடுத்தவர், தன் தொகுதி மக்களே தன்னைத் திரும்ப அழைக்கக் கையெழுத்து வாங்க ஆரம்பித்ததும் அந்தச் சட்டத்தையே ரத்து செய்தார். எதிர்க்கேள்வி கேட்ட பையனை வகுப்புக்கு வெளியே நிறுத்துவது போன்ற காரியம் இது.

கேள்வி: அப்படியானால் அவரால் ஒரு நன்மையும் இல்லையா? (வாசகி, காரைக்குடி)

பதில்: இருக்கிறதம்மா. கல்வி அமைச்சர் பொறுப்பைத் தன்னிடமே வைத்துக்கொண்டார். அங்கே ஆயிரக்கணக்கான குட்டிப் பள்ளி வட்டாரங்கள், பெரும்பாலும் ஓரறைப் பள்ளிகள். அந்தந்த ஊர் வரிதான் வாத்தியாருக்குச் சம்பளம். வரி வராவிட்டால் சம்பளமும் வராது. 1936இல் தொடங்கி இவற்றைப் பெரிய பிரிவுகளாக இணைத்தார். பள்ளி தங்கள் கையை விட்டுப் போகிறதே என்று விவசாயிகள் கோபப்பட்டார்கள். அவர் பின்வாங்கவில்லை. ஆசிரியர் படும் பாடு தெரிந்த ஒருவர்தான் இதில் இவ்வளவு உறுதியாக நிற்க முடியும்.

1940இல் மறுபடி ஜெயித்தார். 1943இல் பதவியில் இருக்கும்போதே காலமானார். அடுத்து வந்தவர், அவருடைய பைபிள் பள்ளியில் படித்த எர்னஸ்ட் மேனிங். 1968 வரை அவர்தான் முதல்வர். இடையில் எண்ணெய் கிடைத்து மாகாணம் செழித்தது. 1957இல் அந்த வருமானத்திலிருந்து, நெடுநாள் குடியிருந்த பெரியவர்களுக்குத் தலைக்கு 20 டாலர் கொடுத்தார் மேனிங்.