மண்ணில் கிடைத்த மருந்து: ஸ்ட்ரெப்டோமைசின் கேள்வி பதில்

நெல்லைச் சீமை நண்பர்களின் கேள்விகளுக்கு, கல்லூரியில் நுண்ணுயிரியல் நடத்தி ஓய்வுபெற்ற நம்ம அண்ணாச்சியின் பதில்கள்.

கோவில்பட்டி ரோட்டுக்காரர்: அண்ணாச்சி, மழை விழுந்ததும் கரிசல்ல வாசம் வருதே, அதுக்கும் இந்த மருந்துக்கும் உறவு உண்டாமே?

உண்டு. அந்த வாசத்துக்கு முக்கியக் காரணம் ஜியோஸ்மின் என்ற வேதிப்பொருள். அதைச் சுரக்கும் ஸ்ட்ரெப்டோமைசிஸ் பாக்டீரியாக்களில் ஒன்றான கிரிசியஸ்தான், டிபி முதலான நோய்களின் பாக்டீரியாவைக் கொல்லும் ஸ்ட்ரெப்டோமைசினைத் தருகிறது. அதுக்காக மண்ணை அள்ளிப் புண்ணில் அப்பிவிடாதீர்கள். டெட்டனஸ் கிருமியும் அதே மண்ணில்தான் இருக்கிறது.

பாளையங்கோட்டை மாணவி: கண்டுபிடிச்சது வாக்ஸ்மன்தானே சார்?

பாதி சரி, தங்கச்சி. வாக்ஸ்மன் மண் நுண்ணுயிர்களை ஆராய்ந்த பேராசிரியர். 1943இல் அமெரிக்காவின் ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தில், அவரிடம் ஆய்வு மாணவராக இருந்த ஆல்பர்ட் ஷாட்ஸ்தான் மருந்து தரும் கிரிசியஸைப் பிரித்தெடுத்தார். ஒரு வகை எருப்போட்ட மண்ணிலிருந்து, இன்னொன்று கோழித்தொண்டையிலிருந்து. ஷாட்ஸ் வழக்குப் போட்ட பிறகே கூட்டுக் கண்டுபிடிப்பாளர் என்று ஒப்புக்கொண்டார்கள். அப்படியும் 1952 நோபல் வாக்ஸ்மனுக்கு மட்டும். எனக்கு இது இன்னமும் ஆறவில்லை.

நாங்குநேரி: தாத்தாவுக்கு டிபிக்கு ஊசி போட்டாங்க. அப்பாவுக்கு வெறும் மாத்திரை. போதுமா அண்ணாச்சி?

போதும். ஸ்ட்ரெப்டோமைசினைக் குடல் உறிஞ்சாது, அதனால்தான் ஊசி. உள்காதைக் கெடுத்து, தலைசுற்றலும் செவிட்டுத்தனமும் தரக்கூடியது. தனியாகக் கொடுத்தால் சில மாதத்திலேயே கிருமி அதற்கு அடங்காமல் போய்விடும். இப்போது தரும் ரிஃபாம்பிசினுக்கும் மூலம் மண் பாக்டீரியாதான். அப்பாவுக்குச் சிறுநீர் சிவப்பாகப் போனால் பயப்படாதீர்கள், மாத்திரையின் நிறம் அது. டாக்டர் சொல்லாமல் நடுவில் நிறுத்த மட்டும் விடாதீர்கள்.

சேரன்மகாதேவி: பிசான நெல்லுல இலை ஓரம் காயுது. கடைக்காரர் ஸ்ட்ரெப்டோசைக்ளின் தாராரு, குலைநோய்க்கும் கேக்குமாம்.

ஸ்ட்ரெப்டோசைக்ளின் என்பது ஸ்ட்ரெப்டோமைசின் கலந்த பயிர் மருந்து, பாக்டீரியாவுக்குத்தான் கேட்கும். குலைநோய் பூஞ்சாணத்தால் வருவது. அதற்கு இது கேட்காது, காசுதான் போகும். உங்கள் வயலில் இருப்பது பாக்டீரியா இலைக்கருகலா என்று முதலில் பாருங்கள். காயும் இலையை வெட்டி, வெட்டுவாயைத் தெளிந்த தண்ணீரில் விடுங்கள். பால்போல இழை இறங்கினால் அதேதான். யூரியாவைக் குறைத்துப் பிரித்துப் போடுங்கள், தேங்கிய தண்ணீரை வடியுங்கள். லிட்டருக்கு 20 கிராம் பசுஞ்சாணம் கரைத்து, தெளிந்த நீரை வடிகட்டி அடிக்கலாம். மனுசனுக்கு வேண்டிய மருந்தை வயலில் தெளித்து, அங்குள்ள பாக்டீரியாக்களுக்கு அதைத் தாங்கப் பழக்கிவிடுவதில் எனக்குச் சம்மதமில்லை.

களக்காடு: சளிக்கு?

வேண்டாம். சாதாரணச் சளி வைரஸால் வருவது.

ராதாபுரம்: இதைச் செய்யுற பாக்டீரியா மட்டும் எப்படிச் சாகாம இருக்கு?

நல்ல கேள்வி, தம்பி. இந்த மருந்து பாக்டீரியாவுக்குள் புரதம் செய்யும் பட்டறையான ரைபோசோமில் ஒட்டி, புரதம் தப்பும் தவறுமாக உருவாகும்படி செய்யும். தன் ரைபோசோமைக் காக்க, கிரிசியஸ் மருந்தின்மேல் பாஸ்பேட் என்ற சிறு வேதித்துண்டை ஏற்றிவிடுகிறது, கத்திக்கு உறை போட்ட மாதிரி. வெளியே போனதும் ஒரு நொதி அதைக் கழற்றும். மருந்துக்கு அடங்காத நோய்க்கிருமிகள் சிலவும் இதே பாஸ்பேட் வேலையைத்தான் செய்கின்றன, கழற்றுவது மட்டும் கிடையாது.