சட்டம் கேளுங்கள்: வாயிற்கூட்டம் முதல் கொடிக்கம்பம் வரை

கேள்வி: அடுத்த வாரம் ஆலை வாசலில் வாயிற்கூட்டம், மறுவாரம் ஊருக்குள் ஆர்ப்பாட்டம் என்று முடிவெடுத்திருக்கிறோம். "நம்முடையது பதிவு பெற்ற சங்கம், போலீஸ் அனுமதி எதற்கு?" என்கிறார் தலைவர். அவர் சொல்வது சரியா?
– தொழிலாளி, ஓசூர்

பதில்: இல்லை. பதிவு தரும் காப்பு வேறு. கூடிப்பேசி வேலையை நிறுத்தியதைக் குற்றச்சதி என்றோ, அதனால் வியாபாரம் கெட்டது என்றோ மட்டும் சொல்லி உங்கள்மேல் வழக்குப் போட முடியாது. 1926ஆம் ஆண்டுத் தொழிற்சங்கச் சட்டத்தில் இருந்த இந்தக் காப்பு, 2025 நவம்பர் 21 முதல் நடப்பில் இருக்கும் தொழில் உறவுகள் சட்டத்திலும் உண்டு. சாலையில் உட்கார்ந்தால் அது கைகொடுக்காது. பொதுவழியை அடைத்ததற்கு பாரதிய நியாய சன்ஹிதா (பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் இடத்தில் வந்த சட்டம்) பிரிவு 285, ஆளைத் தடுத்ததற்கு 126(2) என்று சங்கத்துக்காரருக்கும் அதே பிரிவுகள்தான்.

அனுமதி மனுவை மாவட்டங்களில் காவல் நிலையம் அல்லது டி.எஸ்.பி. அலுவலகத்தில் கொடுப்பது வழக்கம். சென்னையில் கமிஷனருக்கு 5 நாள் முன்னதாகப் போக வேண்டும். எங்கே இருந்தாலும் 10 நாள் முன்பே கொடுத்துவிடுங்கள். தேதி, தொடங்கும் நேரம், முடியும் நேரம், சாலையின் எந்தப் பக்கம், எத்தனை பேர், எத்தனை வண்டி, என்ன ஒலிபெருக்கி, பொறுப்பாளர் இருவரின் பெயரும் செல்பேசி எண்ணும் மனுவில் இருக்கட்டும். நகலில் தேதியோடு முத்திரை வாங்காமல் திரும்பாதீர்கள். பெரும்பாலும் சறுக்குவது அங்கேதான். மனு உள்ளேயே கிடக்கும், ஆர்ப்பாட்டத்துக்கு முந்தின நாள் இரவு மறுப்பு வரும், நீதிமன்றம் போக நேரம் இருக்காது. முத்திரை இருந்தால் நான்கைந்து நாள் பார்த்துவிட்டு உயர் நீதிமன்றத்தில் ரிட் (அதிகாரிக்கு உத்தரவிடக் கோரும் மனு) போடலாம். மறுப்பதானால் காரணத்தோடு எழுத்தில் தரச்சொல்லிக் கேளுங்கள். "போக்குவரத்து பாதிக்கும்" என்று ஒற்றை வரியில் மறுத்தால், வேறு இரண்டு இடங்களை நீங்களே எழுதிக்கொடுங்கள். அதற்கும் மறுப்பு என்றால் உங்கள் வழக்கு வலுவாகும்.

வாயிற்கூட்டத்துக்கு இன்னொரு கண்ணி உண்டு. கேட்டுக்கு உள்ளே நிர்வாகத்தின் இடம். அங்கே கூட்டம் போட உரிமை கோர முடியாது. அரசுத் துறை வளாகத்துக்கும் இதே கதிதான் என்று ரயில்வே வழக்கொன்றில் 1969லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கேட்டுக்கு வெளியே நின்றாலும், 100 மீட்டர், 200 மீட்டருக்குள் கூடக்கூடாது என்று நிர்வாகம் தடை உத்தரவு வாங்கி வைத்திருக்கலாம். உத்தரவின் நகலை வாங்கிப் படியுங்கள். தூரம் கேட்டிலிருந்தா, காம்பவுண்டுச் சுவரிலிருந்தா என்பதில்தான் பல நீதிமன்ற அவமதிப்பு வழக்குகள் முளைக்கின்றன.

கேள்வி: சென்னை மாநகராட்சியின் ரிப்பன் மாளிகை முன்பு போராடிய தூய்மைப் பணியாளர்களை அகற்றினார்களே, போராடும் உரிமை என்ன ஆயிற்று?
– வாசகி, பெரம்பூர்

பதில்: 5, 6ஆம் மண்டலக் குப்பைப் பணியைத் தனியாருக்கு விட்டதை எதிர்த்து 2025 ஆகஸ்ட் 1 முதல் அவர்கள் நடைபாதையில் இருந்தார்கள். 13ஆம் தேதி உயர் நீதிமன்றம், அனுமதியில்லாமல் நடைபாதையை அடைத்திருக்க முடியாது, அனுமதிக்கப்பட்ட இடத்தில் போராடலாம் என்றது. அன்றிரவே அகற்றினார்கள். ஆர்ப்பாட்டம் செய்வது அரசியலமைப்பின் 19ஆம் பிரிவில் (பேச்சு, கூடும் உரிமை) அடங்கும் என்று 1962லேயே தீர்ப்பு உண்டு. ஆனால் இடத்தையும் நேரத்தையும் அரசு ஒழுங்குபடுத்தலாம். பொதுவழியைக் காலவரையின்றி அடைக்க முடியாது என்று டெல்லி சாலை மறியல் பற்றிய உச்ச நீதிமன்றத்தின் 2020 ஷாகீன்பாக் தீர்ப்பும் சொல்கிறது. சட்டம் அப்படி. ஆனாலும், பெண்களே அதிகம் இருந்த கூட்டத்தை நள்ளிரவில் கலைக்க அவசரம் என்ன என்ற கேள்விக்கு அந்தத் தீர்ப்புகளில் பதில் இல்லை.

கேள்வி: ஆட்டோ ஸ்டாண்டில் சங்கப் பலகை, கொடிக்கம்பம் வைத்திருக்கிறோம். வெளி ஆட்டோவை நிற்கவிடாமல் தடுக்க எங்களுக்கு உரிமை உண்டா?
– ஓட்டுநர், திண்டுக்கல்

பதில்: கிடையாது. பலகை வைத்ததால் சாலை சங்கத்துக்குச் சொந்தமாகிவிடாது. வரிசைமுறை உங்களுக்குள் பேசி வைத்துக்கொண்ட ஒழுங்கு. வெளி ஆட்டோவை மறித்தால் பாரதிய நியாய சன்ஹிதாவின் 126(2), மிரட்டிப் பணம் வாங்கினால் 308. கொடிக்கம்பம் விஷயத்தில், பொது இடங்களில் கட்சிகளும் அமைப்புகளும் நட்ட நிரந்தரக் கம்பங்களை 12 வாரத்தில் அகற்ற உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2025 ஜனவரி 27இல் உத்தரவிட்டது. மேல்முறையீடுகள் பின்தொடர்ந்தன. புதிதாக நடுவதற்கு முன் வழக்கின் இன்றைய நிலையை வழக்கறிஞரிடம் கேளுங்கள். பட்டா இடத்தில் நடுவது நிம்மதி.

கேள்வி: தெருமுனைக் கூட்டத்தில் மைக்?
– வாசகர், கரூர்

பதில்: ஒலிபெருக்கிக்குத் தனியாக எழுத்து அனுமதி வேண்டும். இரவு 10 முதல் காலை 6 வரை கூடாது. மருத்துவமனை, பள்ளி, நீதிமன்றத்தைச் சுற்றி 100 மீட்டர் அமைதி மண்டலம். கூட்டத்துக்கு இடம் பார்க்கும்போதே அளந்துகொள்ளுங்கள்.