கானல்வாளை உருவினால் கண் தெரியாது

நான் எழுதிவரும் தொடர்கதை இருபதாவது அத்தியாயத்தைத் தாண்டியபின் வந்த கடிதங்களில் முக்கால்வாசி அதில் வரும் கானல்வாளைப் பற்றியவை. அதைத் தூக்கிக்கொண்டு அலைகிற பெண்ணை யாரும் விசாரிக்கவில்லை. போகட்டும், வாளுக்கே வருகிறேன்.

கேள்வி: வாளை உருவியதும் அவள் மறைகிறாள், சரி. ஆனால் உடனே தட்டுத் தடுமாறி அடி எண்ணுகிறாளே, ஏன்? இந்திரசித்து மேகத்தில் மறைந்து நின்று குறி தவறாமல் அம்பு விட்டானே! (கல்லூரி மாணவர்)

இந்திரசித்து மேகத்துக்குப் பின்னால் ஒளிந்துகொண்டான். அவன் உடம்பை ஊடுருவி யாரும் எதையும் பார்க்கவில்லை. இவள் கதை வேறு. பாறையைச் சுற்றிக்கொண்டு ஓடும் ஆற்றுநீர் மாதிரி, கானல்வாள் ஒளியை அவளைச் சுற்றி வளைத்து மறுபக்கம் அனுப்பிவிடுகிறது. அதனால்தான் அவளுக்குப் பின்னாலிருக்கும் தூண் எதிராளிக்குத் தெரிகிறது. ஆனால் அவள் மேல் படாத ஒளி அவள் கண்ணில் மட்டும் எப்படிப் படும்? பார்க்க வேண்டுமென்றால் விழித்திரை கொஞ்சம் ஒளியையாவது விழுங்கியாக வேண்டும். விழுங்கிய ஒளி மறுபக்கம் போகாது. அப்போது காற்றில் இரண்டு கரும்புள்ளிகள் மிதக்கும்.

முதல் வரைவில் அந்தப் புள்ளிகளை வைத்திருந்தேன். இரண்டு பக்கம் எழுதியதும் எனக்கே சிரிப்பு வந்துவிட்டது. அடித்துவிட்டு அவளை இருட்டில் தள்ளினேன். அதனால்தான் உருவுவதற்கு முன்பே கூடத்தைக் கண்ணால் அளந்துகொள்கிறாள்: தூணுக்குப் பதினேழு அடி, படிக்கு நாலு. இது சாத்தியமா என்று பார்க்க என் அறையிலேயே கண்ணை மூடிக்கொண்டு பதினேழு அடி நடந்தேன். பதினோராவது அடியில் முக்காலி முழங்காலைப் பதம் பார்த்தது. அத்தியாயத்திலும் அவள் அதே காலைத்தான் நொண்டுகிறாள், கவனித்தீர்களா?

கேள்வி: பத்தாவது அத்தியாயத்தில் கோட்டைவாசல் காவலன் முன்னால் அவள் வாளை உருவவே இல்லை. உறையோடு லேசாகச் சாய்த்தாள், பிடி மின்னியது, அவன் அவளைப் பார்க்கவில்லை. தூங்கிவிட்டானா? (ஓய்வுபெற்ற ஆசிரியை)

இந்தக் கேள்வி வருமா வருமா என்று காத்திருந்தேன், அம்மா. பதிலுக்கு முன் ஒரு தாளை எடுங்கள். இடப்பக்கம் ஒரு கூட்டல் குறி. அதற்கு நேராக 8 சென்டிமீட்டர் தள்ளி, வலப்பக்கம் மிளகு அளவில் ஒரு புள்ளி. இடக்கண்ணை மூடிக்கொண்டு, வலக்கண்ணால் கூட்டல் குறியை மட்டும் பாருங்கள். புள்ளியைப் பார்க்கக் கூடாது. ஆசை வரும், அடக்குங்கள். தாளைக் கைநீட்டும் தூரத்திலிருந்து மெல்ல முகத்தருகே கொண்டுவந்தால், 30 சென்டிமீட்டர் வாக்கில் புள்ளி காணாமல் போகும். இன்னும் கிட்டே கொண்டுவந்தால் திரும்பி வரும்.

விழியிலிருந்து பார்வை நரம்பு வெளியேறும் இடத்தில் ஒளியை உணரும் செல்கள் கிடையாது. எட்ம் மரியோட் என்ற பிரெஞ்சுக்காரர் 1660களில் இதைக் கண்டுபிடித்தார். என்னை அசத்தியது அந்த ஓட்டை அல்ல, ஓட்டை தெரியாமல் இருப்பதுதான். புள்ளி போன இடத்தில் கறுப்பாக எதுவும் இல்லை பாருங்கள், தாளின் வெள்ளையையே மூளை இழுத்துப் போர்த்திவிட்டது! சின்ன ஓட்டைதானே என்று நினைக்காதீர்கள். 20 மீட்டர் தள்ளி நிற்கும் ஓர் ஆள் முழுசாக அதற்குள் அடங்கிவிடுவார்.

இரண்டு கண்ணும் திறந்திருந்தால் ஒன்றின் ஓட்டையை மற்றது அடைத்துவிடும். நாலாவது அத்தியாயத்தில் அந்தக் காவலனின் இடக்கண்ணை அம்பு கொண்டுபோனதே, மறந்துவிட்டீர்களா? வாள்பிடியின் மினுக்கு சுவரில் விழுந்து அவன் பார்வையைக் கட்டிப்போட்டது. அவள் அந்தப் பார்வைக்குச் சற்று வலப்புறமாக நடந்தாள். மந்திரமே இல்லை.

இரு கண்ணுள்ளவர்களிடம் வேறு தந்திரம். நிலைக்கண்ணாடி முன் நின்று உங்கள் இடக்கண்ணைப் பாருங்கள், பிறகு வலக்கண்ணை. கண் நகர்வது பக்கத்திலிருப்பவருக்குத் தெரியும், உங்களுக்குத் தெரியவே தெரியாது. விழி தாவும் அந்த நொடித்துளியில் மூளை திரையைப் போட்டுவிடுகிறது. வாள் அந்தத் திரையைக் கொஞ்சம் இழுத்துப் பிடிக்கிறது. இது மட்டும் மந்திரம், ஒப்புக்கொள்கிறேன்.

கேள்வி: வாள் எந்த உலோகம்?

சொல்ல மாட்டேன். சொன்னால் அடுத்த கடிதத்தில் அதன் எடை கேட்பீர்கள்.

கேள்வி: விடியற்காலை, பனிபோல் குளிர்ந்த ஏரி. வாளை நீட்டியதும் அக்கரைப் படை தண்ணீருக்கு அடியில் தலைகீழாகத் தெரிந்தது என்று எழுதியிருக்கிறீர்கள். கானல் அப்படி வராது, ஐயா. (இயற்பியல் படிப்பவர்)

பிடித்துவிட்டீர்கள். சுட்ட தரையில்தான் அப்படி. அடிக்காற்று சூடாகி லேசாவதால் ஒளி மேல்நோக்கி வளையும், வானத்தின் பிம்பம் தரையில் விழும், நாம் தண்ணீர் என்று ஏமாறுவோம். குளிர்ந்த நீர்ப்பரப்பில் கதை நேர்மாறு. குளிர்காற்று கீழே, வெதுவெதுப்பு மேலே. ஒளி கீழ்நோக்கி வளைவதால் தூரத்துக் கப்பல்கூட அந்தரத்தில் தொங்கும். புத்தகமாக வரும்போது படையை வானத்தில் ஏற்றிவிடுகிறேன். உண்மையில் அதுதான் இன்னும் பயங்கரமாக இருக்கிறது.

கேள்வி: நிஜத்தில் இப்படி ஆயுதம் வருமா?

2006இல் அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகத்தில் ஒரு சிறு செம்பு உருளையைச் சுற்றி அலைகளை வளைத்துக் காட்டினார்கள். ஆனால் அவை மைக்ரோவேவ் அலைகள். உருளை நம் கண்ணுக்கு நன்றாகவே தெரிந்தது. இன்னொரு பக்கம், எதிரியை நிரந்தரமாகக் குருடாக்குவதற்கென்றே செய்யப்படும் லேசர் ஆயுதங்களை 1995இல் சர்வதேச உடன்படிக்கை போட்டுத் தடைசெய்தார்கள். என் வாளும் யார் கண்ணையும் பறிக்காது. பறித்தால் கதை சுலபமாகிவிடும், எனக்கும் எழுதப் பிடிக்காது.

கேள்வி: கானல் என்றால் கடற்கரைச் சோலை. பேய்த்தேரை, அதாவது கானல்நீரைத்தான் சொல்கிறீர்கள் என்றால் அந்த நல்ல சொல்லையே வைத்திருக்கலாமே? (தமிழாசிரியர்)

‘பேய்த்தேர்வாள்’ என்று ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள், ஐயா. அப்புறம், உங்கள் கானலும் இதில் இருக்கிறது. வாளை வடித்த கொல்லனின் உலை புன்னை நிழலில், அலைச்சத்தம் கேட்கும் இடத்தில் இருந்ததாக மூன்றாவது அத்தியாயத்திலேயே வருகிறது. கானல்வரியில் கோவலனும் மாதவியும் ஒருவர் பாட்டை மற்றவர் வேறாக எடுத்துக்கொண்டு பிரிந்ததும் அப்படியோர் இடத்தில்தான். கொல்லனுக்கு அந்தப் பாட்டுகள் தெரியும். எப்படித் தெரியும் என்பது இருபத்தைந்தாவது அத்தியாயத்தில்.