அமெரிக்காவுல சிபிஎஸ் சேனல்ல வர்ற சிக்ஸ்டி மினிட்ஸ் மாதிரி டிவி விசாரணை நிகழ்ச்சிங்க பத்தி கேளுங்க, தெரிஞ்சத சொல்றேன்

செந்தில்: அக்கா, சிகரெட் கம்பெனி மேட்டர்ல சிபிஎஸ் சேனலே பம்மிடுச்சாமே, கம்பெனி கேஸ் போட்டுச்சா?

சிபிஎஸ் மேல போடவே இல்ல தம்பி, போடுவாங்கங்கிற பயம்தான். ஜெஃப்ரி வைகண்ட்னு பிரவுன் அண்ட் வில்லியம்சன் சிகரெட் கம்பெனில ஆராய்ச்சிப் பிரிவ பாத்துட்டிருந்தவர், 1993ல வேலைய விட்டு தூக்கிட்டாங்க, வெளிய மூச்சு விடமாட்டேன்னு எழுதி வேற வாங்கிட்டாங்க. 1995ல சிக்ஸ்டி மினிட்ஸ் நிருபர் மைக் வாலஸ் முன்னாடி உக்காந்து கம்பெனி ரகசியம் எல்லாத்தையும் கொட்டிட்டார். அப்பதான் சேனல் வக்கீலுங்க, ஒப்பந்தத்த மீறச் சொல்லி நாமதான் தூண்டினோம்னு கேஸ் வரும்னாங்க. அவர் சொன்னது நிஜமா பொய்யாங்கற பேச்சே அங்க எடுபடாது பாத்துக்கோங்க. சேனல வெஸ்டிங்ஹவுஸுக்கு விக்கிற பேரம் ஓடிட்டிருந்த நேரம், போதாததுக்கு சிபிஎஸ் தலைவர் லாரன்ஸ் டிஷ் குடும்பத்துக்கே லாரிலார்ட்னு ஒரு சிகரெட் கம்பெனி! நவம்பர்ல வைகண்ட் பேட்டி இல்லாம ஒரு மழுப்பல் வெர்ஷன் போட்டாங்க. ஜனவரில வால் ஸ்ட்ரீட் ஜர்னல் பேப்பர் வைகண்டோட வாக்குமூலத்த அச்சுல போட்டப்பறம்தான் இவங்களுக்கு தைரியம் வந்து 1996 பிப்ரவரி 4 அன்னிக்கு பேட்டி வந்துச்சு. மனுஷன் அதுக்குள்ள ஸ்கூல்ல கெமிஸ்ட்ரி வாத்தியாரா போயிட்டார்.

பானு: மாடர்ன் ஆர்ட்ட கலாய்ச்ச எபிசோடும் இவங்களோடதா?

ஆமா, 1993, அவங்க நிருபர் மோர்லி சேஃபர் பண்ணினது. கூன்ஸ்ங்கிற கலைஞர் தொட்டித் தண்ணில மிதக்க விட்ட பாஸ்கெட்பால், ட்வாம்ப்ளிங்கிற ஓவியரோட கிறுக்கல்னு காட்டி இதெல்லாம் கலையானு கேட்டார், ஆர்ட் உலகமே கொதிச்சுது. அவரும் படம் வரையறவர்தான், தங்கின ஓட்டல் ரூமையெல்லாம் வரைவார். என்னக் கேட்டா சிரிக்க வெச்சதோட நிறுத்திட்டார், அந்த விலைய யார் ஏத்தி விடுறாங்கன்னு இன்னும் தோண்டிருக்கணும்.

ரியாஸ்: ஜோன்ஸ்டவுன்?

அது என்பிசிங்கிற இன்னொரு சேனல் டீம், 1978 நவம்பர், தென் அமெரிக்காவுல கயானா நாடு. ஜிம் ஜோன்ஸ்ங்கிற மதத் தலைவர் தன் ஆளுங்களோட அங்க போட்டிருந்த முகாம்தான் ஜோன்ஸ்டவுன். லியோ ரயன்னு ஒரு அமெரிக்க எம்பி கூட போனாங்க. இங்கருந்து எங்கள கூட்டிட்டு போங்கன்னு ஒருத்தர் ரகசியமா குடுத்த துண்டுச்சீட்ட, நிருபர் டான் ஹாரிஸ் பேட்டி நடுவுல ஜிம் ஜோன்ஸ் கையிலயே குடுத்து இது என்னன்னு கேட்டார். நானா இருந்தா குடுத்திருக்க மாட்டேன். அன்னிக்கு சாயங்காலமே விமானத்தளத்துல ஜோன்ஸ் ஆளுங்க சுட்டாங்க, எம்பி, ஹாரிஸ் உட்பட 5 பேர் செத்தாங்க. கேமராமேன் பாப் பிரவுன் சுடறவங்கள படம் புடிச்சிட்டே விழுந்தார். முகாம்ல 900 பேருக்கு மேல செத்தாங்க.

ரியாஸ்: சீட்டு குடுத்தவர்?

குண்டு பட்டும் பொழச்சிட்டார். முகாம்லயே விட்டுட்டு வந்த அவரோட சின்னப் பையன் பொழைக்கல.