குறிகளால் ஓடும் எந்திரம்: கதை எழுதுகிறவர்களின் கேள்விகளும் என் பதில்களும்

மந்திரக் குறிகள் பொறித்த ஓர் எந்திரம்; இயக்கினால் உலகமே அதன்படி மாறிவிடும். இப்படியொன்றை வைத்துக் கதை எழுதுகிறவர்கள் கேட்டவற்றை இங்கே சேர்த்திருக்கிறேன். எனக்கு ஒரே பிடிவாதம்தான்: குறிகளை எந்திரம் எப்படிப் படிக்கிறது என்று முடிவுசெய்யாமல் மந்திரத்தில் கை வைக்காதீர்கள்.

கேள்வி: அண்ணா, என் எந்திரத்தில் பன்னிரண்டு வெண்கல வளையங்கள். ஒவ்வொன்றிலும் தமிழின் 247 எழுத்துகளும் உண்டு. சரியான வரிசை அமைந்தால் நினைத்தது நடக்கும். நாயகி ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்து அதைக் கண்டுபிடிக்கிறாள். நம்புவார்களா?

எந்திரத்தை நம்புவார்கள், நாயகியை நம்ப மாட்டார்கள். 12 வளையம் என்றால் சேர்க்கைகளின் எண்ணிக்கை 29 இலக்கம். பிரபஞ்சம் தோன்றி ஏறத்தாழ 1,380 கோடி ஆண்டுகள். அன்றிலிருந்து நொடிக்கொன்றாகத் திருப்பியிருந்தாலும் ஓர் ஓரத்தைக்கூடத் தாண்டியிருக்க மாட்டாள். மூன்று வளையமாகக் குறைத்துவிடுங்கள். 1,50,69,223 சேர்க்கைகள், நொடிக்கொன்று வீதம் இரவுபகலாகத் திருப்பினால் 174 நாள் சொச்சம். இது கதைக்குள் அடங்கும் காலம். ஒருத்தியால் ஆகாது என்பதால் இன்னும் இரண்டு பேரை முறை வைத்து உட்கார வைப்பீர்கள், அவர்களுக்குள் சண்டை வரும், யாராவது ஒருத்தி தூக்கக் கலக்கத்தில் சரியான வரிசையையே தாண்டிப் போவாள். கதை தானாக நடக்கும்.

சுழலும் எழுத்து வளையம் பழைய சரக்குதான். 13ஆம் நூற்றாண்டில், இன்று ஸ்பெயினைச் சேர்ந்த மயோர்க்காத் தீவில் பிறந்த ரமோன் லுல் என்ற கிறித்தவ அறிஞர் அப்படியொன்றை வரைந்தார். அவர் எடுத்துக்கொண்டவை ஒன்பதே எழுத்துகள். உலகை மாற்ற அல்ல, சமய வாதத்தில் வெல்ல.

கேள்வி: குறிகளுக்கு அந்த ஆற்றல் எங்கிருந்து வருகிறது? இதை வாசகர்கள் கேட்டே தீருவார்களே!

குறியிலிருந்து ஆற்றல் வரவேண்டியதில்லை. 1804இல் வந்த ஜக்கார்டு தறியைப் பாருங்கள், துளையிட்ட அட்டைகளைப் படித்துப் பூ வேலைப்பாடு நெய்யும் தறி அது. அட்டையில் துளை இருக்கும் இடத்தில் ஊசி உள்ளே போகும், அதற்குரிய பாவு நூல் மேலே எழும். துளை இல்லாத இடத்தில் நூல் அப்படியே கிடக்கும். பூ வேலைப்பாடு முழுவதும் அட்டையில்தான் இருக்கிறது; ஆனால் தறியை ஓட்டுவது நெசவாளியின் கால். உங்கள் எந்திரத்தில் அந்தக் கால் யாருடையது? இயக்குபவரின் ஆயுள், நினைவு என்று எழுதாதீர்கள், அலுத்துவிட்டது. ஓரிடத்தில் நடந்த மாற்றத்துக்கு இன்னோரிடத்தில் ஏதோ குறைகிறது என்று வைத்தால் பழி, வழக்கு, அரசியல் எல்லாம் கூடவே வரும்.

கேள்வி: ஸ்ரீசக்கரத்தையே எந்திரத்தின் மையமாக வைக்கலாமா, சார்?

வேண்டாம் என்பேன். பலர் வழிபடும் உருவம். அதன் பொருளும் ஏற்கெனவே நிலைத்துவிட்டது, உங்கள் விதிக்கு அது வளையாது. அமைப்பை மட்டும் கற்றுக்கொள்ளுங்கள். மேல்நோக்கி நான்கு, கீழ்நோக்கி ஐந்து என ஒன்பது முக்கோணங்கள் பின்னி 43 சிறு முக்கோணங்கள் ஆகின்றன. ஒரு கோட்டைச் சற்று நகர்த்தினால் மற்றவை சந்திக்க வேண்டிய புள்ளிகள் பிசகிவிடும். வரைந்து பார்த்தால் புரியும், நேர்த்தியாக வரைவது லேசில்லை.

எனக்குப் பிடித்தது மாயச்சதுரம். கஜுராஹோவில் பார்சுவநாதர் கோயிலில் ஒன்று பொறிக்கப்பட்டிருக்கிறது:

7 12 1 14
2 13 8 11
16 3 10 5
9 6 15 4

எந்த வரிசையைக் கூட்டினாலும் 34. இப்போது யாரோ ஒரு கயவன் 8ஐ அழித்து 9 என்று பொறித்துவிடுகிறான். இரண்டாம் கிடைவரிசை 35, மூன்றாம் நெடுவரிசை 35. இரண்டும் எங்கே வெட்டிக்கொள்கின்றனவோ அங்கேதான் கை வைத்திருக்கிறான். எந்திரத்தில் நாசவேலை நடந்ததை ஒரு சிறுமிகூடக் கூட்டிப் பார்த்தே கண்டுபிடித்துவிடலாம்.

கேள்வி: எந்திரம் கட்டளையைத் தவறாகப் புரிந்துகொள்ள வேண்டும். ஆனால் 'வரம் கேட்டு ஏமாந்த கதை' போல இருக்கக் கூடாது.

அப்படியானால் கட்டளையில் தவறே வேண்டாம், படிப்பில் தவறு வரட்டும். ஓலைச்சுவடியில் பெரும்பாலும் புள்ளி வைக்க மாட்டார்கள், எழுத்தாணி குத்தி ஓலை பொத்துவிடும் என்று. ரகரமும் துணைக்காலும் ஒன்றுபோலவே இருக்கும். சுவடி பதிப்பித்தவர்கள் பட்ட பாடு கொஞ்சமல்ல. அவர்களுக்காவது முன்பின் பாட்டைப் பார்த்துத் திருத்த வழி இருந்தது. எந்திரத்துக்கு அது இல்லை. ஒரு கிழவர் தன் மரப்பொம்மைக்கு உயிர் வர வேண்டி 'பாவை எழுக' என்று கீறி எந்திரத்தில் செருகுகிறார். எந்திரம் அதைப் 'பரவை எழுக' என்று படிக்கிறது. பொம்மை கிடந்தது கிடந்தபடி கிடக்கிறது; கடல் எழுந்து வருகிறது. கிழவர் பேராசைக்காரரும் இல்லை, முட்டாளும் இல்லை.

கேள்வி: எல்லாம் செய்யும் எந்திரத்துக்கு எல்லை வைப்பது எப்படி?

1936இல் கணித அறிஞர் ஆலன் டூரிங் காட்டியது கைகொடுக்கும்: எந்தக் கட்டளைத் தொடரைக் கொடுத்தாலும் அது ஓடி நிற்குமா, நிற்காமல் ஓடிக்கொண்டே இருக்குமா என்று முன்கூட்டியே சொல்லிவிடும் பொதுவழி கிடையாது. ஆகவே இயக்குபவருக்கு நிச்சயம் என்பதே இல்லை. நெம்புகோலை இழுத்துவிட்டுக் காத்திருக்க வேண்டியதுதான்.

கேள்வி: உலகம் மாறினால் எல்லாருடைய நினைவும் சேர்ந்து மாறுமே. மாறியது என்று யாருக்குத் தெரியும், அண்ணா?

நல்ல கேள்வி, பலர் இதைத் தாண்டிக் குதித்துவிடுகிறார்கள். மாற்றம் தொடாத இடம் ஒன்று வேண்டும். எந்திர அறைக்குள் ஒரு பதிவேடு போதும். இயக்குபவர் காலையில் அதைத் திறக்கிறார். தன் கையெழுத்தில், 'தம்பிக்குச் சாப்பாடு அனுப்பச் சொல்லவும்' என்று ஒரு வரி. அவருக்குத் தம்பியே கிடையாது. பத்துப் பக்க விளக்கம் மிச்சம்.

கேள்வி: கடைசி அத்தியாயத்தில் நாயகன் எந்திரத்தை உடைக்கிறான். கதைச்சுருக்கம் அனுப்பியிருக்கிறேன், பார்த்தீர்களா?

பார்த்தேன். எந்திரம் செய்த மாற்றங்கள் அது உடைந்தபின் நிலைக்குமா, பழையபடி திரும்புமா என்று எங்கேயும் இல்லை. நிலைக்கும் என்றால் உடைத்ததால் பெரிதாக ஒன்றும் ஆகவில்லை. திரும்பும் என்றால் அதனால் உயிர் பிழைத்தவர்கள் எல்லாம் அந்த நொடியே சாவார்கள். அவர்களில் ஒருவரையாவது இரண்டாம் அத்தியாயத்துக்குள் கொண்டுவாருங்கள், நாயகனுக்கு வேண்டியவராகவே இருக்கட்டும். இப்போதைய சுருக்கத்தில் அப்படி ஒருவரும் இல்லை.